பிக் இஷ்யூ: காசைக் கொடுத்தால் இதழையும் வாங்கிக்கொள்ளுங்கள்

லண்டனுக்குப் புதிதாக வரும் நம்மவர்கள் பலர், ரயில் நிலைய வாசலில் சிவப்பு மேலங்கியோடு நிற்பவரைக் கண்டதும் பிச்சை கேட்கிறார் என்று நினைத்து ஒதுங்கிப் போய்விடுகிறார்கள். அவர் வியாபாரி. அவர் கையில் இருப்பது 'தி பிக் இஷ்யூ' இதழ். ஜான் பேர்டும் கார்டன் ராடிக்கும் 1991-இல் தொடங்கியது. பேர்டே சிறுவயதில் ஆதரவற்றோர் இல்லத்தில் வளர்ந்தவர், தெருவில் படுத்துறங்கியவர்.

வீடில்லாதவர்களும், வீட்டை இழக்கும் நிலையில் இருப்பவர்களும் தங்கள் கைக்காசைப் போட்டு இதைப் பாதி விலைக்கு வாங்கி, அட்டையில் உள்ள விலைக்கு விற்கிறார்கள். விற்காமல் தங்கினால் நட்டம் அவர்களுக்குத்தான். நான் வழக்கமாக வாங்கும் பெரியவர், தூறல் விழுந்தால் முதலில் இதழ்க்கட்டைப் பாலித்தீன் பையில் சுற்றி மார்போடு அணைத்துக்கொள்வார். தொப்பியைத் தேடுவது அதற்குப் பிறகுதான். நனைந்து உப்பிய இதழை யார் வாங்குவார்கள்?

ஒருமுறை ஒரு பெண்மணி காசை அவர் கையில் திணித்துவிட்டு, இதழ் வேண்டாம் என்று நடந்தார். பெரியவர் பின்னாலேயே போய், "இது நீங்கள் வாங்கிய பொருள் அம்மா" என்று கொடுத்துவிட்டு வந்தார். இரக்கப்பட்டுக் காசு கொடுத்து இதழை மறுப்பது, கடை விரித்தவரைக் கையேந்த வைப்பதுதான். எனக்கு அது பொறுக்கவே இல்லை.

சரி, படிக்க என்ன இருக்கிறது? பிரபலங்களின் பேட்டிகளை நான் மேலோட்டமாகப் பார்ப்பதோடு சரி. ஆனால் புகழ்பெற்றவர்கள் தங்கள் பதினாறு வயதை நினைத்துப் பேசும் பகுதியை விடவே மாட்டேன். நான் முதலில் திருப்புவது, விற்பனையாளர் ஒருவர் தம் கதையைத் தாமே சொல்லும் பக்கம். அதைப் படித்தால் புரியும்: வீடில்லாமல் நண்பர் வீட்டுச் சோபாவிலும் இரவு பஸ்ஸிலும் பொழுதைக் கழித்துவிட்டுக் காலையில் முகம் கழுவி வேலைக்குப் போகிறவர்களும் இந்த நகரத்தில் இருக்கிறார்கள். நடைபாதையை மட்டும் பார்ப்பவர்களுக்கு அவர்கள் தென்படுவதே இல்லை.

2020 மார்ச்சில் ஊரடங்கால் தெரு விற்பனை நின்றபோது, சந்தா வழியாகவும் கடைகள் வழியாகவும் இதழை விற்றார்கள். சந்தா இன்றும் உண்டு. ஆனாலும் தெருவில், ஒரே ஆளிடம் தொடர்ந்து வாங்குங்கள். அவருக்கு அது நம்பிக்கையான வாடிக்கை. சில்லறை இல்லையென்று தயங்க வேண்டாம், பலரிடம் கார்டு கருவி இருக்கிறது. அடையாள அட்டை அணிந்திருக்கிறாரா என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள்.