‘தி ஃபர்காட்டன் ஆர்மி’: வியாசர்பாடிக்காரர்கள் பார்க்க வேண்டிய தொடர், சில திருத்தங்களோடு

நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தைப் பற்றி அமேசான் பிரைமில் 2020 ஜனவரியில் வந்த தொடர் இது. ஐந்தே பகுதிகள்தான், ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியத்திலேயே முடித்துவிடலாம். இயக்குநர் கபீர் கான் இதே விஷயத்தை 1999-ல் ஆவணப்படமாகவும் எடுத்திருக்கிறார். அந்த ராணுவத்தின் பெண்கள் படைக்குத் தலைமை தாங்கிய கேப்டன் லட்சுமியும் அதன் அதிகாரி தில்லானும் அதில் வருகிறார்கள். பர்மாவிலிருந்து கப்பலேறி வந்து வியாசர்பாடியிலும் எர்ணாவூரிலும் குடியேறிய குடும்பங்களுக்கு இது பக்கத்து வீட்டுக் கதை. 1944 ஜனவரியில் நேதாஜி தலைமையகத்தை மாற்றியது பர்மாவின் ரங்கூனுக்குத்தானே.

கதை இரண்டு காலங்களில் மாறி மாறி ஓடுவதால் முதல் பகுதியில் குழப்பம் வரும். வயதான கதாநாயகன் சோதியாக எம்.கே. ரைனா முகம் தெரிந்தால் அது 1996. இளம் சோதியாக சன்னி கௌஷல் வந்தால் போர்க்காலம். பார்ப்பதற்கு முன் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள். 1942 பிப்ரவரி 15-ல் ஆங்கிலேயரிடமிருந்த சிங்கப்பூர் ஜப்பானியரிடம் விழுந்தது. இரண்டு நாள் கழித்து, வெள்ளைக்காரச் சிப்பாய்களைத் தனியே பிரித்துவிட்டு, இந்தியச் சிப்பாய்களை மட்டும் ஃபாரர் பார்க் மைதானத்தில் ஜப்பானியரிடம் ஒப்படைத்தார்கள். ஆங்கிலேயர் படையிலிருந்த சோதி போன்றவர்கள் ஏன் இந்திய தேசிய ராணுவத்துக்கு அணி மாறினார்கள் என்பது அந்த மைதானத்தில்தான் இருக்கிறது.

கதாநாயகி மாயா, சிங்கப்பூரில் கேமராவும் கையுமாகத் திரிகிற தமிழ்ப் பெண். ஷர்வரி நன்றாகவே செய்திருக்கிறார். ஆனால் இந்திய தேசிய ராணுவத்தின் பெண்கள் பிரிவான ஜான்சி ராணி படையில் பெரும்பாலோர் மலாயா ரப்பர் தோட்டங்களில் பால் மரம் வெட்டிக்கொண்டிருந்த தமிழ்ப் பெண்கள். காதலுக்குக் கொடுத்த இடத்தில் பாதியை அவர்களுக்குக் கொடுத்திருக்கலாம். இன்னொன்று, அந்தப் படை மணிப்பூரின் இம்பால் முன்வரிசைக்கு அனுப்பப்படவில்லை. பர்மாவின் மேமியோ வரை போய்ப் பின்வாங்க வேண்டியதாயிற்று. பெண்கள் துப்பாக்கி தூக்கும் காட்சிகளை அந்த நினைப்போடு பாருங்கள்.

பெரிய குறை போர்க்களத்தில்தான். இம்பாலில் தோற்றது வீரம் குறைந்ததால் அல்ல, சோறு இல்லாததால். 1944 மார்ச்சில் ஜப்பானியப் படை ஏறத்தாழ மூன்று வாரத்துக்கான உணவோடுதான் கிளம்பியது. இம்பாலைப் பிடித்து ஆங்கிலேயர் கிடங்கிலிருந்து சாப்பிட்டுக்கொள்ளலாம் என்பது கணக்கு. இம்பால் விழவில்லை, ஆங்கிலேயருக்கு விமானத்தில் சரக்கு வந்துகொண்டே இருந்தது. மே மாதம் மழை பிடித்து மலைப்பாதைகள் சேறாகின. ஜப்பானியரோடு போன நம் இந்திய தேசிய ராணுவ ஆட்களிடம் பீரங்கி கிடையாது. புல்லைக் கொதிக்க வைத்துத் தின்று, மலேரியாவிலும் வயிற்றுப்போக்கிலும் செத்தார்கள். இதற்கே ஒரு முழுப் பகுதி ஒதுக்கியிருக்க வேண்டும். தொடரோ குண்டுவெடிப்பிலும் ஓட்டத்திலும் நேரத்தைச் செலவழிக்கிறது.

சென்னையில் நடந்ததும் இதில் இல்லை. நீர்மூழ்கிக் கப்பலில் மலபார் கரைக்கு ரகசியமாக வந்து பிடிபட்ட இந்திய தேசிய ராணுவ வீரர் வக்கம் காதரையும் மேலும் மூவரையும் 1943 செப்டம்பர் 10-ல் சென்னை மத்தியச் சிறையில் தூக்கிலிட்டார்கள். பார்க் டவுனில் ஜி.எச். பக்கத்தில் இருந்த அந்தச் சிறையை இடித்தாயிற்று. இப்போது அங்கே மருத்துவக் கல்லூரிக் கட்டடம் நிற்கிறது. கேப்டன் லட்சுமி 1938-ல் எம்.பி.பி.எஸ். முடித்ததும் அந்தக் கல்லூரியில்தான். இரண்டாவது சீசன் எடுக்கிறவர்கள் பார்க் டவுனிலிருந்து ஆரம்பிக்கட்டும்.