தவளைப் புத்தகங்கள்: பல மழைக்காலம் பிள்ளைகள் கையில் புழங்கிய பிறகு

கடையில் புரட்டும்போது எல்லாத் தவளைப் புத்தகமும் நன்றாகத்தான் தெரியும். பச்சை அட்டை, தாமரை இலை, உருண்டைக் கண். மழை பெய்து வாசலில் நிஜத் தவளை வந்து உட்கார்ந்த பிறகுதான் எது தேறும், எது தேறாது என்பது புரியும். 3 முதல் 10 வயதுப் பிள்ளைகள் வரும் வாசிப்பறையில் பல பருவங்கள் புழங்கிய புத்தகங்களை வைத்து இதை எழுதுகிறோம். தலைப்புகளைச் சொல்லாமல் வகைகளைச் சொல்கிறோம். அப்போதுதான் கையில் கிடைக்கும் எந்தப் புத்தகத்தையும் நீங்களே சோதிக்க முடியும்.

முதலில் திறக்க வேண்டியது தலைப்பிரட்டை தவளையாகும் பக்கம். பின்னங்கால்கள் முதலில் வெளியே தெரியவேண்டும், முன்னங்கால்கள் பிறகு. மலிவான புத்தகங்களில் நான்கு காலும் ஒரே படத்தில் ஒன்றாக முளைத்துவிடும். அடுத்தது வால். வால் உதிர்ந்து விழுவதில்லை, உடம்புக்குள்ளேயே கரைந்து சுருங்குகிறது. அந்த நாட்களில் வாயும் குடலும் மாறிக்கொண்டிருப்பதால் அது சாப்பிடாது, வாலில் இருக்கும் சத்தில்தான் உயிர் வாழும். இந்த ஒரு செய்தியைச் சரியாகச் சொல்லும் புத்தகம் பெரும்பாலும் மற்றதையும் சரியாகச் சொல்கிறது. பிறகு விரல்களை எண்ணுங்கள்: முன்காலில் 4, பின்காலில் 5. பிள்ளைகள் கட்டாயம் எண்ணுவார்கள். நாக்கு தொண்டையிலிருந்து நீள்வதுபோல வரைந்திருந்தால் அதுவும் பிழை, தவளையின் நாக்கு வாயின் முன்பக்கத்தில் ஒட்டியிருக்கிறது.

முட்டைப் படத்தில் வரும் குழப்பம் வேறு மாதிரி. பெரும்பாலான புத்தகங்களில் முட்டை என்றால் ஜெல்லி உருண்டையாக மிதக்கும் திரள் மட்டும்தான். நம் ஊர்க் குட்டைகளில் அதிகம் கண்ணில் படுவதோ தேரையின் முட்டை. அது கறுப்பு மணி கோத்த நீண்ட சரமாகச் செடித்தண்டுகளில் சுற்றிக் கிடக்கும். தொட்டிக்கு மேலே சுவரில் சோப்பு நுரைபோல ஒட்டியிருந்தால் அது மரத்தவளையின் கூடு. குஞ்சுகள் அதிலிருந்து வழுக்கித் தண்ணீரில் விழும். இந்த மூன்றையும் காட்டும் புத்தகம் கிடைத்தால் விலை பார்க்காமல் வாங்கலாம். கிடைக்காவிட்டால் மற்ற இரண்டையும் ஒரு தாளில் வரைந்து அந்தப் பக்கத்தில் செருகி வையுங்கள்.

நாங்கள் வைத்திருப்பவற்றில் பாதிக்கு மேல் இங்கிலாந்து, அமெரிக்கத் தவளைகளைப் பற்றியவை. அச்சும் படமும் அருமை. காலம்தான் இடிக்கிறது. பனி உருகி வசந்தம் வந்ததும் முட்டை, குளிர்காலத்தில் உறக்கம் என்று அவை சொல்லும். தமிழ்நாட்டில் தவளை ஒளிந்துகொள்வது கோடை வறட்சிக்கு, வெளியே வருவது மழைக்கு. தென்மேற்குப் பருவம் கிடைக்கும் ஊர்களில் ஜூனிலும், கிழக்குக் கரையோரம் அக்டோபர் மழையிலும் கச்சேரி தொடங்கும். மணலுக்குள் புதைந்து கிடந்து மழைக்குக் குரல் கொடுக்கும் தவளையை ‘நுணலும் தன் வாயால் கெடும்’ என்று சொல்லி வைத்த ஊர் இது. வெளிநாட்டுப் புத்தகத்தை ஒதுக்கவேண்டாம். வாசிக்கும்போது மாதத்தை மட்டும் மாற்றிச் சொன்னால் போதும். இங்கே தேரையின் தலைப்பிரட்டை ஏறத்தாழ ஐந்தாறு வாரத்தில் கரையேறிவிடுகிறது. குளிர்நாட்டுக் கணக்கை நம்பிக் காத்திருந்தால் பார்க்கவேண்டியதைப் பார்க்காமல் விட்டுவிடுவோம்.

பொத்தானை அழுத்தினால் கத்தும் புத்தகங்களில் இரண்டு குறை. எல்லாத் தவளையும் ‘ரிபிட்’ என்றே கத்தும். அது வட அமெரிக்காவின் மேற்குக் கரையில் வாழும் ஒரு சிறு மரத்தவளையின் குரல், ஹாலிவுட் படங்கள் வழியாக உலகம் முழுக்கப் பரவியது. இரண்டாவது குறை ஆபத்தானது: உள்ளே பொத்தான் பேட்டரி இருக்கும். குழந்தை விழுங்கினால் இரண்டு மணி நேரத்துக்குள்ளேயே உணவுக்குழாயை அரிக்கத் தொடங்கிவிடும். மூடி திருகாணியால் பூட்டப்படாத புத்தகத்தை 5 வயதுக்குட்பட்டவர்கள் இருக்கும் வீட்டுக்குள் கொண்டுவரவே கூடாது.

ஒளிப்படமா ஓவியமா என்று கேட்டால், 6 வயதுவரை நல்ல ஓவியம், அதன்பிறகு ஒளிப்படம் என்போம். வளர்ச்சிப் படிகளை ஓவியம்தான் தெளிவாகப் பிரித்துக் காட்டும், ஒளிப்படத்தில் கால் மொட்டு தண்ணீரின் பளபளப்பில் மறைந்துவிடும். வண்ணத்தை நம்பவைக்க ஒளிப்படம் வேண்டும். மழைக்கால ஆண் பெருந்தவளை எலுமிச்சை மஞ்சளாகவும் அதன் குரல்பைகள் நீலமாகவும் இருப்பதை ஓவியத்தில் பார்த்தால் பெரியவர்களே நம்புவதில்லை.

8 வயதைத் தாண்டியவர்களுக்கு வட்டமாக அம்புக்குறி போட்ட வாழ்க்கைச் சுழற்சி மட்டும் போதாது. மேற்குத் தொடர்ச்சி மலையின் புதர்த்தவளைகளில் பலவற்றுக்குத் தலைப்பிரட்டைப் பருவமே கிடையாது, முட்டையிலிருந்து நேராகக் குட்டித்தவளைதான் வெளிவரும். 2003-இல் அறிவியலுக்கு அறிமுகமான ஊதாத் தவளை ஆண்டின் பெரும்பகுதியை மண்ணுக்கடியில் கறையான் தின்றே கழிக்கிறது, இனப்பெருக்கத்துக்காக மழையில் சில நாட்கள் மட்டும் வெளியே வருகிறது. அதன் தலைப்பிரட்டைகள் உறிஞ்சும் வாயால் பாறையைப் பற்றிக்கொண்டு ஓடும் நீரில் வாழ்கின்றன. அதன் உறவான இன்னொரு இனம் திருவில்லிபுத்தூர்க் காட்டுப்பகுதியிலிருந்து 2017-இல் விவரிக்கப்பட்டது. நம் தவளைகளில் ஒன்றுகூட இல்லாத ‘உலகத் தவளைகள்’ தொகுப்புக்கு ஆயிரம் ரூபாய் கொடுப்பதில் எங்களுக்கு உடன்பாடில்லை.

உழைப்பைப் பொறுத்தவரை முதலிடம் தடித்த அட்டைப் புத்தகத்துக்கு. மூலைகள் உருண்டையாக வெட்டப்பட்டிருக்கவேண்டும், கூர்மூலைகள் சீக்கிரம் பிளந்து ஈரம் ஏறி உப்பிவிடும். திறந்து பார்க்கும் மடிப்புகள் முதலில் போவது மடிப்புக்கோட்டில்தான். புதிதாக வாங்கியவுடனேயே பின்பக்கம் மெல்லிய துணி நாடா ஒட்டிவிட்டால் ஆயுள் நன்றாகக் கூடும். செல்லோடேப் வேண்டாம், மஞ்சளாகிப் பசை கசிந்து பக்கங்கள் ஒட்டிக்கொள்ளும். பசை பைண்டிங் புத்தகங்களைப் பிள்ளைகள் தரையில் விரித்து அழுத்துவதால் நடுப்பக்கங்கள் கழன்று வரும். அந்த நடுப்பக்கத்தில்தான் பெரும்பாலும் வளர்ச்சிப் படமும் இருக்கும்! நடுவில் பின் அடித்தவை தட்டையாக விரியும், ஆனால் கடலோர ஊர்களில் பின் துருப்பிடித்துத் தாளை அரிக்கும். பின்னைக் கழற்றி நூலால் மூன்று துளைத் தையல் போட்டுவிடுங்கள்.

தமிழில் கிடைப்பது குறைவுதான். பிரதம் புக்ஸின் ஸ்டோரிவீவர் தளத்தில் தமிழ்க் கதைகளை இலவசமாக இறக்கி அச்சிட்டுக்கொள்ளலாம். லேசர் அச்சு எடுங்கள், இங்க்ஜெட் அச்சு ஈரக்கை பட்டால் கலையும். எங்கே வாங்கினாலும் ஒரு பக்கத்தைச் சத்தமாக வாசித்துப் பாருங்கள். ‘உருமாற்றம்’, ‘நீர்நில வாழ்வன’ போன்ற சொற்களைப் படத்தோடு சேர்த்து ஒருமுறை சொல்லிவிட்டு நகரும் புத்தகம் நல்லது. ஒரே வரியில் நான்கு கலைச்சொல் அடுக்கினால் பிள்ளை படத்தை மட்டும் பார்த்துவிட்டு மூடிவிடும்.

புத்தகத்தின் முழுப்பயன் குட்டையோரத்தில்தான் கிடைக்கிறது. வீட்டுக்குக் கொண்டுவந்து வளர்க்கவேண்டாம். மழை நின்ற இரண்டாம் வாரத்திலிருந்து, வாரம் ஒருமுறை, பெரியவர் துணையோடு அதே குட்டைக்குப் போங்கள். வெள்ளைக் கிண்ணத்தில் குட்டைத் தண்ணீரையே நான்கு விரல் ஆழம் எடுத்து, டீ வடிகட்டியால் ஒரே ஒரு தலைப்பிரட்டையை அள்ளி விடுங்கள். இரண்டு மூன்று வகைகளைச் சேர்த்துப் போடக்கூடாது. தலைப்பிரட்டைகள் பாசி தின்னும் என்று புத்தகம் சொல்லும், ஆனால் பெருந்தவளையின் தலைப்பிரட்டை மற்றவற்றைப் பிடித்துத் தின்றுவிடும். உருப்பெருக்கிக் கண்ணாடியால் பின்னங்கால் மொட்டைத் தேடி, புத்தகத்தில் எந்தப் படத்தோடு பொருந்துகிறது என்று பிள்ளையே சொல்லட்டும். அந்தப் படத்தின் ஓரத்தில் பென்சிலால் தேதி எழுதுங்கள். நிழலில், பத்து நிமிடத்துக்குள் முடித்துவிடவேண்டும், ஆழமில்லாத தண்ணீர் வெயிலில் சட்டென்று சூடாகிவிடும். பிறகு அதே குட்டையிலேயே விடவேண்டும். வேறு நீர்நிலையில் விட்டால் தோலைத் தாக்கும் பூஞ்சை நோய் அங்கேயும் பரவக்கூடும். வடிகட்டியையும் கிண்ணத்தையும் கழுவி முழுக்கக் காயவைத்த பிறகே இன்னொரு குட்டைக்கு எடுத்துப் போகலாம்.