தக்காளி டைமர்: 3 மாதம் பயன்படுத்திய பிறகு

சமையலறையில் வைக்கிற, சாவி கொடுப்பது போலத் திருகி விடும் டைமர். சிவப்பு பிளாஸ்டிக், தக்காளி வடிவம், 60 நிமிடம் வரை ஓடும், பேட்டரி கிடையாது. பாத்திரக்கடையில் 280 ரூபாய்க்கு வாங்கினேன். குரூப் 4 தேர்வுக்குப் படிக்கிறவர்கள் யார் கேட்டாலும் வாங்கச் சொல்வேன்.

போனிலேயே டைமர் இருக்கிறதே, எதற்குத் தனியாக என்று தம்பி கேட்டான். போனில் இருப்பதுதான் பிரச்சினையே. மணி அடித்ததும் நிறுத்துவதற்காகக் கையில் எடுப்பேன், அதற்குள் டெலிகிராம் குழுவில் யாராவது நடப்பு நிகழ்வுகள் பிடிஎஃப் போட்டிருப்பார்கள், அதை இறக்கி, அதில் ஒரு கேள்விக்கு விடை தேடி, அங்கிருந்து யூடியூபுக்குப் போய், நிமிர்ந்து பார்த்தால் முக்கால் மணி நேரம் போயிருக்கும். படித்த மாதிரியும் இருக்கும், ஒன்றும் படித்திருக்க மாட்டேன். இப்போது போன் அடுத்த அறையில் பீரோ மேல் இருக்கிறது, டைமர் மட்டும் மேஜையில்.

25 நிமிடம் படிப்பு, 5 நிமிடம் ஓய்வு, இப்படி 4 சுற்று முடிந்ததும் கொஞ்சம் நீண்ட ஓய்வு. இந்தக் கணக்கு 1980களின் கடைசியில் இத்தாலியில் மாணவராக இருந்த ஃபிரான்செஸ்கோ சிரில்லோ உருவாக்கியது. அவர் வைத்திருந்ததும் தக்காளி டைமர்தான். இத்தாலிய மொழியில் தக்காளிக்குப் பொமொடோரோ என்று பெயர், முறைக்கும் அதுவே பெயராகிவிட்டது. ஒரு சுற்றில் ஒரே வேலை, இதுதான் எனக்கு அதில் பிடித்தது. நடுவில் கேஸ் புக் பண்ண வேண்டும், தோழிக்குப் பதில் போட வேண்டும் என்று எது ஞாபகம் வந்தாலும் பக்கத்துத் தாளில் ஒரு வரி எழுதிவிட்டுப் படிப்பைத் தொடர வேண்டும். மணி அடித்த பிறகு அந்தத் தாளைப் பார்த்தால் பாதிக்கு மேல் அன்றைக்கே செய்ய வேண்டியவை இல்லை.

குரூப் 4 தாளில் 3 மணி நேரத்துக்கு 200 கேள்விகள், அதில் 25 திறனறிவுக் கணக்கு. பழைய வினாத்தாளில் அந்த 25ஐ மட்டும் எடுத்து ஒரு சுற்றில் போட்டுப் பார்ப்பேன். முதல் வாரம் 14ஐத் தாண்டவில்லை. கணக்கு தெரியாமல் இல்லை, பாதியில் விட்டு வந்த இலக்கணப் பாடத்திலேயே மனசு நின்றுகொண்டிருந்தது. சோஃபி லெராய் என்ற ஆய்வாளர் 2009இல் இதைத்தான் எழுதியிருக்கிறார்: ஒரு வேலையிலிருந்து அடுத்ததற்குத் தாவும்போது கவனத்தில் கொஞ்சம் பழைய வேலையிலேயே தங்கிவிடுகிறது, அதுவும் முடிக்காமல் விட்டதென்றால் அதிகம். அதனால் இப்போது ஒரு பாடத்தை மூடும் முன் எங்கே நிறுத்தினேன், அடுத்து எது என்று தாளில் குறித்துவிட்டுத்தான் கணக்கை எடுக்கிறேன். 21, 22 வருகிறது.

சரி, குறைகள். டிக் டிக் சத்தம் பகலில் தெரியாது, ராத்திரி 11 மணிக்கு வீடு அடங்கிய பிறகு நன்றாகவே கேட்கும். நான் அடியில் துண்டை மடித்து வைக்கிறேன். 5 நிமிட ஓய்வுக்கு நேராக 5இல் வைத்தால் சில சமயம் மணி அடிக்காது, 20க்கு மேல் திருகிவிட்டுப் பின்னால் கொண்டுவர வேண்டும். 25 நிமிடத்தில் ஒரு நிமிடம் முன்னே பின்னே ஆகும். 3 மணி நேர மாதிரித் தேர்வுக்கு இது உதவாது, சுவர்க் கடிகாரம்தான்.

வாங்கும்போது கடையிலேயே முழுக்கத் திருகி, 2 நிமிடத்துக்குக் கொண்டுவந்து, மணி அடிக்கும் வரை நின்று கேட்டுவிட்டு வாங்குங்கள், நான் முதலில் கையில் எடுத்தது பாதியிலேயே நின்றுவிட்டது. அப்புறம், இட்லி வேகும்போதெல்லாம் அம்மா இதை அடுப்படிக்கு எடுத்துப் போய்விடுகிறார், அதனால் இன்னொன்று வாங்கப் போகிறேன், இந்த முறை கொஞ்சம் சத்தம் குறைவானதாகப் பார்த்து.