வாட்ச், ஹெட்ஃபோன், கனமான போர்வை: பதற்றத்தோடு மூன்று வருடம்

பதற்றத்தைச் சமாளிக்க என்னென்னவோ வாங்கினேன். அதில் மூன்றுதான் இன்னும் புழக்கத்தில் இருக்கின்றன: ஒரு ஸ்மார்ட் வாட்ச், வெளியே இருந்து வரும் சத்தத்தைக் குறைக்கும் ஹெட்ஃபோன், ஒரு கனமான போர்வை. வாங்கிய வாரமே எழுதியிருந்தால் மூன்றையும் ஆகா ஓகோ என்று புகழ்ந்திருப்பேன்.

வாட்சிலிருந்து தொடங்குகிறேன், அதுதான் என்னை அதிகம் படுத்தியது. அடியில் மினுக்கும் பச்சை வெளிச்சத்தை வைத்து நாடித்துடிப்பைக் கணக்கிடுகிறது. துடிப்புக்கும் துடிப்புக்கும் உள்ள இடைவெளி எப்படி மாறுகிறது என்பதையும் சேர்த்துக்கொண்டு, 0 முதல் 100 வரை 'ஸ்ட்ரெஸ்' என்று ஒரு மதிப்பெண் போடுகிறது. உடம்பு ஏன் அப்படி இருக்கிறது என்பது மட்டும் அதற்குத் தெரியாது. காபி குடித்தாலும் ஏறும், காய்ச்சல் வந்தாலும் ஏறும். நானும் தங்கையும் வயிறு வலிக்கச் சிரித்துக்கொண்டிருந்த ஒரு மணி நேரத்தை 'அதிக அழுத்தம்' என்று குறித்து வைத்திருந்தது!

சிரித்துவிட்டுப் போயிருக்கலாம். ஆனால் பதற்றக்காரனுக்கு நம்பரைப் பார்த்தால் சிரிப்பு வராது. ஒரு மீட்டிங்கில் நான் பேச வேண்டிய முறைக்காகக் காத்திருந்தேன். மணிக்கட்டு அதிர்ந்தது. அசையாமல் இருந்தும் இதயத்துடிப்பு 120-ஐத் தாண்டிவிட்டதாம். அதுவரை லேசான படபடப்புதான். பார்த்தேன், 124. மறுபடி பார்த்தேன், 131. எழுந்து போய் மாடிப்படியில் உட்கார்ந்துவிட்டேன்.

இதை கவுன்சலரிடம் சொன்னபோது அவர் வாட்சைக் குறை சொல்லவில்லை. "ஒரு நாளைக்கு எத்தனை தடவை அதைப் பார்க்கிறீர்கள்?" என்று மட்டும் கேட்டார். பத்துத் தடவை இருக்கும் என்றேன். மறுநாள் எண்ணிப் பார்த்தால் 43. எண்ணங்களையும் பழக்கங்களையும் மாற்றப் பழக்கும் அறிவாற்றல் நடத்தை சிகிச்சையில் (சிபிடி) இதற்குப் 'பாதுகாப்பு நடத்தை' என்று பெயர் என்றார். பார்த்த அந்த நிமிடம் நிம்மதியாக இருக்கும். ஆனால் 'பார்த்ததால்தான் தப்பித்தேன்' என்று மனது முடிவு கட்டிவிடும். பார்க்காவிட்டாலும் துடிப்பு தானாக இறங்கியிருக்கும் என்பதைத் தெரிந்துகொள்ள அதற்கு வாய்ப்பே கிடைக்காது.

அன்றே இதயத்துடிப்பு எச்சரிக்கையையும் ஸ்ட்ரெஸ் மதிப்பெண்ணையும் அணைத்தேன். மூச்சுப் பயிற்சிக்கான அதிர்வை மட்டும் வைத்துக்கொண்டேன். இழுக்கும் 4 நொடிக்கு மணிக்கட்டில் சின்னச் சின்னத் தட்டல், விடும் 6 நொடிக்கு அமைதி. நிமிடத்துக்கு ஆறு மூச்சு. மூச்சை இழுக்கும்போது இதயம் சற்று வேகமெடுக்கும், விடும்போது, மூளையிலிருந்து இதயத்துக்குப் போகும் வேகஸ் நரம்பு அதை மெதுவாக்கும். விடுவதை நீட்டுவது அதற்காகத்தான். கையை மேஜைக்கு அடியில் வைத்துக்கொண்டால் பக்கத்தில் இருப்பவருக்குக்கூடத் தெரியாது. மூன்று வருடத்தில் எனக்கு உருப்படியாக உதவியது இது ஒன்றுதான்.

ஆனால் இதையும் முதலில் தப்பாகத்தான் செய்தேன். படபடப்பு உச்சத்தில் இருக்கும்போது மட்டும் ஆன் செய்வேன். பெரிது பெரிதாக மூச்சை இழுத்து, விரல் நுனியெல்லாம் மரத்துப்போகும். அளவுக்கு மீறி மூச்சு வாங்கினால் ரத்தத்தில் கார்பன் டை ஆக்சைடு குறைந்து அப்படி ஆகும் என்பது அப்போது தெரியாது. உடம்புக்கு என்னவோ ஆகிவிட்டது என்று இன்னும் பயந்தேன். மனது சும்மா இருக்கும் காலை நேரத்தில் தினமும் ஐந்து நிமிடம் பழகிய பிறகுதான், அவசரத்துக்குக் கை கொடுக்க ஆரம்பித்தது.

ஹெட்ஃபோன் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. ஃபேன், எஞ்சின் மாதிரி ஒரே சீராக வரும் இரைச்சலை நன்றாக அமுக்கும். மனிதக் குரல் வரத்தான் செய்யும். கூட்டத்துக்குள் போகும்போதெல்லாம் மாட்டிக்கொண்டால் இதுவும் அந்த 43 தடவைக் கதைதான் என்பதால், நீண்ட பயணத்துக்கு மட்டும் எடுக்கிறேன்.

போர்வை, உடல் எடையில் பத்தில் ஒரு பங்கு இருக்கலாம் என்று பொதுவாகச் சொல்லும் கணக்குப்படி 7 கிலோவில் வாங்கினேன். போர்த்திக்கொண்டால் இதமாக இருக்கிறது, அவ்வளவுதான். பதற்றம் குறைந்ததாகத் தெரியவில்லை. துவைப்பது தனிக் கொடுமை. மூச்சுக் கோளாறு உள்ளவர்கள் டாக்டரைக் கேட்காமல் வாங்க வேண்டாம், சின்னக் குழந்தைகளுக்கு அறவே வேண்டாம்.

பலன் இருந்ததா என்று பார்க்க, இரண்டு வாரத்துக்கு ஒருமுறை, பதற்றத்தின் அளவைக் கணக்கிடும் ஜிஏடி-7 என்ற கேள்வித்தாளுக்குப் பதில் எழுதுகிறேன். ஏழு கேள்வி, அதிகபட்சம் 21 மதிப்பெண்; கூடினால் பதற்றம் அதிகம் என்று பொருள். தொடங்கியபோது 16, இப்போது 6-க்கும் 8-க்கும் நடுவில். இதில் வாட்சுக்கு எவ்வளவு பங்கு என்று பிரித்துச் சொல்ல முடியாது. கவுன்சலிங்குக்குத்தான் பெரிய பங்கு என்று நினைக்கிறேன்.

வாட்ச் வாங்குவதாக இருந்தால் மற்ற வசதிகளை விடுங்கள், கையில் கட்டி அதிர்வு எப்படி இருக்கிறது என்று பாருங்கள். சிலவற்றில் அது உறைக்கவே உறைக்காது, சிலவற்றில் பக்கத்து நாற்காலிவரை கேட்கும். அப்புறம் பேட்டரி. என்னுடையது இரண்டு நாள் தாங்கியது, இப்போது ஒரு நாள்கூட முழுதாக ஓடுவதில்லை. எனக்குப் படபடப்பு வருவதே சாயங்காலத்தில்தான், சரியாக அந்த நேரம் பார்த்து அணைந்து கிடக்கும். அதனால் மதியம் சாப்பிட உட்காரும்போதே கழற்றிச் சார்ஜில் போட்டுவிடுகிறேன்.