தோப்பு ரோட்டுக்குப் போனது. இழப்பீட்டுக்காக ஊருக்குப் போய் வந்தேன்

தஞ்சாவூர்ப் பக்கம் எங்கள் கிராமத்துத் தென்னந்தோப்பில் பாதி நான்கு வழிச்சாலைக்குப் போய்விட்டது. அவார்டு (இழப்பீடு இவ்வளவு என்று முடிவு செய்யும் உத்தரவு) போட்டுவிட்டார்கள் என்று சித்தப்பா போனில் சொன்னதும் சிங்கப்பூரிலிருந்து கிளம்பினேன். வெளிநாட்டில் இருந்துகொண்டு ஊரில் நிலம் வைத்திருப்பவர்கள் இதைப் படித்தால் கொஞ்சம் அலைச்சல் குறையும்.

பட்டா இன்னும் தாத்தா பெயரிலேயே இருந்தது. வாரிசுச் சான்று, மூலப்பத்திரம், வில்லங்கச் சான்று மூன்றும் ஒத்துப்போனால்தான் பணம் யாருக்கு என்ற பேச்சே எழும். விஏஓ பொறுமையாக உட்கார்ந்து பழைய சர்வே எண்ணையும் புது எண்ணையும் பொருத்திக் காட்டினார். டொராண்டோவில் இருக்கும் அக்கா அங்குள்ள இந்தியத் துணைத் தூதரகத்தில் சான்றொப்பம் வாங்கி எனக்குப் பவர் அனுப்பினாள். அப்படி வரும் பவர் பத்திரத்துக்கு, இந்தியா வந்து சேர்ந்த மூன்று மாதத்துக்குள் இங்கே முத்திரைத் தீர்வை கட்டியாக வேண்டும்.

“தம்பி, ரெண்டு மூணு மடங்கு தர்றாங்கன்னு ஊரே சொல்லுதே, நமக்கு ஏன் இவ்வளவுதான்?” என்று சித்தப்பா கேட்டார். எந்தத் தொகைக்கு மடங்கு என்பதில்தான் எல்லாமே இருக்கிறது.

நிலத்தை எடுப்பது 1956ஆம் ஆண்டு தேசிய நெடுஞ்சாலைச் சட்டப்படி என்றாலும், 2015 முதல் இழப்பீட்டுக் கணக்கு 2013ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டப்படிதான். பத்திரப் பதிவுக்காக அரசு வைத்திருக்கும் வழிகாட்டி மதிப்பு ஒரு பக்கம். நிலத்தை எடுக்கப்போகிறோம் என்று அரசு வெளியிடும் 3ஏ அறிவிப்புக்கு முந்தைய மூன்று ஆண்டுகளில் அக்கம்பக்கத்தில் பதிவான கிரயங்களில், விலை கூடிய பாதியின் சராசரி மறுபக்கம். இரண்டில் எது அதிகமோ அதுதான் அடிப்படை. கிராமப்புறம் என்றால் அதை ஒரு காரணியால் பெருக்கி, மரம், கிணறு மதிப்பைக் கூட்டி, மொத்தத்துக்குச் சமமாக இன்னொரு 100 சதவீதம் ஆறுதல் தொகை சேர்ப்பார்கள். நில மதிப்புக்கு ஆண்டுக்கு 12 சதவீதம் தனி. அடிப்படை விலை சரிந்தால் இத்தனையும் சேர்ந்தே சரியும்.

எங்கள் 3ஏ வந்தது 2021இல். அதற்கு முன்பே, 2017 ஜூனில், தமிழ்நாடு முழுக்க வழிகாட்டி மதிப்பை 33 சதவீதம் குறைத்திருந்தார்கள். 2023 ஏப்ரலில்தான் பழைய மதிப்பு திரும்பியது. அந்த இடைவெளியில் நிலம் கொடுத்தவர்களுக்கு இது பெரிய அடி. போதாததற்கு, கைமாறும் விலை எதுவானாலும் பத்திரத்தில் வழிகாட்டி மதிப்பைத்தான் எழுதுவது கிராம வழக்கம். முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமுமாக அப்போது 11 சதவீதம். யார்தான் உள்ள விலையை எழுதுவார்கள்? கடைசியில் அந்தக் குறைந்த எண்ணே நமக்கு எதிரான சாட்சியாக வந்து நிற்கிறது.

அதனால் நில எடுப்பு அலுவலகத்தில் போய்க் கெஞ்சிப் பயனில்லை. வங்கிக் கடனுக்காக முழு விலையும் எழுதிப் பதிந்த கிரயங்கள் பக்கத்தில் இருக்கின்றனவா என்று தேடினேன். பதிவுத்துறை இணையதளத்தில் சர்வே எண்ணைக் கொடுத்து வில்லங்கம் பார்க்கலாம், கட்டணமில்லை. சிங்கப்பூரில் உட்கார்ந்தே செய்யக்கூடிய வேலை இது. அவார்டில் சேர்க்காத கிரயங்கள் கிடைத்தன. சான்றிட்ட நகல் எடுத்தோம்.

மரக் கணக்கிலும் குறை இருந்தது. காய்த்துக்கொண்டிருந்த தென்னைகளில் சிலவற்றைக் கன்று என்று எழுதியிருந்தார்கள். அளவெடுக்க வரும் நாளில் குடும்பத்தில் ஒருவர் கூடவே நிற்க வேண்டும். தேதி தெரியும்படி மரங்களைப் படம் எடுத்து வைக்க வேண்டும். நல்லவேளை, சித்தப்பாவின் மகன் எடுத்து வைத்திருந்தான்.

அலுவலகத்தில் இருந்தவர்கள் மரியாதையாகத்தான் பேசினார்கள். ஆனால் விலையை மாற்றும் அதிகாரம் அவர்களுக்கு இல்லை. பணத்தை வாங்கும்போதே ‘ஆட்சேபணையுடன் பெறுகிறேன்’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். நகலில் முத்திரை வாங்கினேன். என்ஆர்ஐ என்றதும் வரிப் பிடித்தம் பற்றிப் பேச்சு வந்தது. இந்த இழப்பீட்டுக்கு வருமான வரி இல்லை என்று சொல்லும் 2013 சட்டத்தின் 96ஆம் பிரிவையும் மத்திய நேரடி வரிகள் வாரியத்தின் 2016ஆம் ஆண்டு 36ஆம் எண் சுற்றறிக்கையையும் காட்டி ஆடிட்டர் கடிதம் எழுதித் தந்தார். பணம் என் என்ஆர்ஓ கணக்குக்கு (வெளிநாட்டில் இருப்பவர்கள் இந்திய வருமானத்தைப் போட்டு வைக்கும் வங்கிக் கணக்கு) வந்தது.

கூடுதல் தொகை கேட்டு நடுவரான மாவட்ட ஆட்சியரிடம் மனு கொடுத்திருக்கிறோம். கிரய நகல்கள், மரப் படங்கள், ஒரு பக்கக் கணக்கு, இவ்வளவுதான் இணைப்பு. வாய்தாவுக்குச் சித்தப்பா போகிறார். அவருக்கும் பவர் எழுதிக் கொடுத்துவிட்டுத்தான் விமானம் ஏறினேன்.

1997க்கும் 2015க்கும் இடையில் நெடுஞ்சாலைக்கு நிலம் கொடுத்தவர்களுக்கு இன்னொன்று. அந்தக் காலத்தில் ஆறுதல் தொகையே இல்லை என்று வைத்திருந்த சட்டப்பிரிவை 2019இல் தர்சேம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது. அப்பா காலத்து அவார்டு வீட்டில் இருந்தால் வக்கீலிடம் ஒருமுறை காட்டுங்கள்.