ஈர வெயிலிலும் காய்ந்த வெயிலிலும்: ஃபெல்கோ 2 கவாத்துக் கத்தரி

பினாங்கின் ஜெலுத்தோங்கில் எங்களுடையது மூலை வீடு. வாசலில் செம்பருத்தியும் காகிதப்பூவும், பின்பக்கம் அரளி, நந்தியாவட்டை. சாமிக்குப் பூ இந்தச் செடிகளிலிருந்துதான். அக்கா வாக்கப்பட்டது தமிழ்நாட்டில், மதுரையை அடுத்த உசிலம்பட்டிப் பக்கம். அங்கே அவர்களுக்கு அரை ஏக்கர் மல்லி. மூன்று வருடமாக இந்த ஒரே ஃபெல்கோ 2 கத்தரியால் இரண்டு ஊரிலும் கவாத்து, அதாவது செடியின் கிளைகளை வெட்டிவிடும் வேலை, செய்திருக்கிறேன். அதனால்தான் எழுதுகிறேன்.

இதற்கு முன் 25 வெள்ளிக்கு (மலேசிய ரிங்கிட்) ஒரு கத்தரி வைத்திருந்தேன். பெயர் வேண்டாம். ஒரு பக்கம் கத்தி, மறுபக்கம் தட்டையான பட்டை. கிளையைப் பட்டைமேல் வைத்து அழுத்தி வெட்டும் ஜாதி. காய்ந்த குச்சிக்கு அது போதும். பச்சைக் கிளையை அது நசுக்கிவிடும். செம்பருத்தியை வெட்டினால் ஒரு வாரத்தில் நுனி கறுத்து, மழை ஈரத்தில் ஒரு சாண் நீளத்துக்கு அழுகி இறங்கும். நான் பினாங்கு மழையைத்தான் குறை சொல்லிக்கொண்டிருந்தேன்.

ஒரு தடவை அதே கத்தரியை உசிலம்பட்டிக்கு எடுத்துப் போனேன். அங்கே அழுகல் இல்லை, ஆனால் நசுங்கிய இடத்திலிருந்து கிளை காய ஆரம்பித்தது. வெட்டுக்குக் கீழே இருந்த கணு காய்ந்தது, அதற்கடுத்த கணுவும் காய்ந்தது. துளிர் வர வேண்டிய இடமே போய்விட்டது. அப்போதுதான் புரிந்தது: ஈரத்தில் பூஞ்சை நுழைவதும், வறட்சியில் உயிர் வற்றுவதும் அந்த நசுங்கல் வழியாகத்தான்.

ஃபெல்கோ 2 சுவிட்சர்லாந்தில் செய்வது; அந்த நிறுவனம் தொடங்கியது 1945இல். சிவப்புக் கைப்பிடி, எடை 240 கிராம். துணி வெட்டும் கத்தரி மாதிரி ஒரு கத்தி இன்னொன்றை உரசிக்கொண்டு கடந்து போகும். நசுக்காது. வெட்டிய முகம் பளிச்சென்று இருக்கும். கத்தி செடியில் நிற்கும் பகுதியின் பக்கமும், வளைந்த தடித்த பாகம் கழித்துப் போடும் பகுதியின் பக்கமும் வருகிற மாதிரி பிடிக்க வேண்டும். இதைத் திருப்பிப் பிடித்தால் எவ்வளவு நல்ல கத்தரியும் வீண்.

மதுரை மல்லிக்கு நவம்பர் கடைசி வாரம்தான் கவாத்து. புதரைக் கயிற்றால் சேர்த்துக் கட்டி, தரையிலிருந்து 50 செ.மீ. விட்டு மேலே உள்ளதை எடுத்துவிடுவார்கள். கை ஓயாமல் வெட்டும் வேலை அது. நான் ஒரு காலை முழுக்க வெட்டினேன், கை மரத்துப் போகவில்லை. அக்காவின் மாமியாரிடம் கற்றது இன்னும் நிறைய. முதல்நாள் மாலையே தண்ணீர் பாய்ச்சிவிட வேண்டும்; தாகத்தில் இருக்கும் செடியை வெட்டக்கூடாது. வெட்டியபின் வேரைச் சுற்றி வைக்கோலோ சருகோ பரப்ப வேண்டும். கோடை தொடங்கிவிட்டால் கத்திரி வெயில் முடியும்வரை பெரிய வெட்டுக்குக் கத்தரியை எடுக்கவே கூடாது என்பார். நிழலிலேயே இருந்த தண்டு திடீரென்று வெயிலுக்கு வந்தால் பட்டை வெந்து வெடிக்கும், இளந்துளிர் கருகும். அந்த மாதங்களில் வாடிய பூவை மட்டும் கிள்ளினால் போதும்.

இங்கே பினாங்கில் ஜனவரி, பிப்ரவரிதான் மழை குறைந்த மாதங்கள். தைப்பூசமும் அப்போதுதான் வரும். புதுக்கிளையில்தான் செம்பருத்தி பூக்கும். வெட்டியபின் மொட்டு வர இரண்டு மூன்று மாதம் பிடிக்கும். அதனால் நானும் நவம்பரிலேயே மூன்றில் ஒரு பங்கை எடுத்துவிடுகிறேன், வெளிப்பக்கம் பார்த்த கணுவுக்குக் கால் அங்குலம் மேலே. காகிதப்பூவை ஒரு சுற்றுப் பூ உதிர்ந்ததும் வெட்டி, துளிர் முற்றியபின் தண்ணீரைக் குறைப்பேன். கொஞ்சம் காயவிட்டால்தான் அது கொட்டிப் பூக்கும்.

அரளி வெட்டும்போது கையுறை கட்டாயம். அதன் பால் விஷம். வெட்டிய கிளையை எரிக்கவும் கூடாது, புகையும் ஆகாது. வேலை முடிந்ததும் கத்தியை சோப்புப்போட்டுக் கழுவி, ஸ்பிரிட்டில் துடைத்து, தையல் மெஷின் எண்ணெய் இரண்டு சொட்டு விடுவேன். பால் வடிய கத்தியில் ஒரு சின்னப் பள்ளம் இருக்கிறது, அது நல்ல ஏற்பாடு.

விலை? நான் கொடுத்தது 300 வெள்ளிக்குப் பக்கம். கூடுதல்தான், மறுக்கவில்லை. ஆனால் கத்தி, ஸ்பிரிங், திருகு எல்லாம் தனித்தனியாக வாங்கி மாற்றலாம். ரெண்டு சட்டி ரோஜா மட்டும் வைத்திருப்பவருக்கு இவ்வளவு தேவையில்லை; கடந்து வெட்டும் ஜாதியில் சுமாரான விலைக்கு ஒன்று வாங்கினாலே போதும். 25 மி.மீ.க்கு மேல் தடித்த கிளைக்கு இதை எடுக்காதீர்கள். கையைத் திருகி முறுக்கிக் கத்தியைக் கெடுப்பதைவிட சின்ன ரம்பம் நல்லது.

கைப்பிடி நடுத்தர, பெரிய கைகளுக்கு ஏற்றது. எனக்குச் சரி. அக்காவுக்குச் சின்னக் கை, அதனால் அவருக்கு அதே நிறுவனத்தின் ஃபெல்கோ 6 கத்தரியை வாங்கி வைத்திருக்கிறேன். இந்த நவம்பர் கவாத்துக்குப் போகும்போது பெட்டியில் போட்டு எடுத்துப் போக வேண்டும்.