மருந்துவாழ்மலைக்கு ட்ரெக்கிங் ஸ்டிக் வாங்கலாமா?

ஆன்லைனில் ஜோடி ஆயிரம் ரூபாய் சுமாருக்கு விற்கும் மூன்று அடுக்கு அலுமினிய ட்ரெக்கிங் ஸ்டிக், கன்னியாகுமரிக்குப் பக்கத்திலுள்ள மருந்துவாழ்மலை ஏற அவ்வளவாக உதவாது. இறங்கத்தான் உதவும்.

பொற்றையடிப் பக்கமிருந்து ஏறினால் முதலில் படிக்கட்டு. அங்கே ஸ்டிக் வெறும் சுமை, மடக்கிப் பையில் செருகிவிடுங்கள். அதன் பிறகுதான் பாறை. இறக்கத்தில் தொடைத் தசை நீண்டுகொண்டே பாரம் தாங்குகிறது. மறுநாளும் அதற்கடுத்த நாளும் தொடை பிடித்துக்கொள்வது அதனால்தான். இரண்டு ஸ்டிக்கையும் முன்னால் ஊன்றி இறங்கினால் முட்டுக்குப் போகும் பாரத்தில் ஒரு பங்கைக் கை வாங்கிக்கொள்ளும்.

சமதளத்தில் முழங்கை 90 டிகிரி மடங்குவதுதான் சரியான நீளம். இறக்கத்தில் 5 முதல் 10 செ.மீ. கூட்டுங்கள். கைப்பிடியில் தொங்கும் வாருக்குள் கையைக் கீழிருந்து மேலாக நுழைத்து, வாரையும் சேர்த்துப் பிடிக்க வேண்டும். மேலிருந்து நுழைத்தால் விழும்போது கட்டைவிரல் மாட்டிக்கொள்ளும். கை ஊன்றி ஏறும் இடங்களில் வாரையே கழற்றிவிடுங்கள்.

அடுக்குகளை நீட்டி இறுக்கும் பூட்டில்தான் கோளாறு. திருகுப் பூட்டு வியர்வைக் கையில் சரியாக இறுகாது. பாரம் விழுந்ததும் சரசரவென்று உள்ளே இறங்கிவிடும். கிளிப் பூட்டே மேல். நம்மூர் உப்புக்காற்றில் அலுமினியத்தில் வெள்ளைப் பொடி பூத்து அடுக்குகள் ஒட்டிக்கொள்ளும். போய்வந்ததும் மூன்றையும் பிரித்து நல்ல தண்ணீரில் கழுவிக் காயவைத்தால் போதும். எண்ணெய் போடாதீர்கள், பூட்டு வழுக்கும்.

ஒன்றைச் சொல்லியாக வேண்டும். கரடுமுரடான பாறையில் ஒவ்வொரு அடிக்கும் கண் இடம் தேட, கணுக்காலின் சிறு தசைகள் உடம்பைச் சரிக்கட்டுகின்றன. ட்ரெட்மில்லில் இந்த வேலை கிடையாது. அடுத்த அடி எங்கே என்று பார்க்கும் மனதுக்கு ஆபீஸ் கவலையை அசைபோட நேரமிருக்காது. மலையேற்றத்தின் பாதி லாபம் அதுதான். ஏற்றத்திலும் ஸ்டிக்கையே நம்பினால் காலுக்கு அந்தப் பயிற்சி குறைகிறது. ஆடிக் காற்று அடிக்கும்போதும் மழை ஈரத்திலும் உச்சிப் பாறைக்கு ஸ்டிக்கை நம்பிப் போகவே கூடாது.

முட்டு வலி உள்ளவர்கள் தாராளமாக வாங்கலாம். இளவட்டங்கள் அந்தப் பணத்தை நல்ல கிரிப் உள்ள ஷூவில் போடட்டும். வாங்குகிறவர்கள் ரப்பர் முனை ஒரு செட் கூடுதலாக எடுத்துக்கொள்ளுங்கள். முதலில் தேய்வதும் தொலைவதும் அதுதான். அது போனால் உள்ளேயிருக்கும் உலோக முனை வழவழப்பான பாறையில் சறுக்கும்.